சிலக்கா யாரைக் கூட்டி வந்தாள்

அன்பு மகள் ஸ்வீட்லினுக்கு,

அப்பா எழுதுவது. ஆண்டவர் கிருபையில் அம்மாவும் நானும் நலம், நீயும் மாப்பிள்ளை ஜோவும் குட்டி எலினாவும் சுகமாயிருக்க வேண்டும் என்று தினமும் முழங்காலில் நின்று கேட்கிறேன், கேட்டு முடித்த பிறகு அந்த முழங்கால்தான் எழுந்திருக்க மறுக்கிறது. ஆக்லாந்தில் குளிர் ஆரம்பித்துவிட்டது என்றாய், பிள்ளையின் காதை மூடி அனுப்பு. இங்கே மலைப்பக்கம் நாலு நாளாய்ச் சாரல். ராஜபாளையம் முழுக்க ஈரமும் கடைசி மாம்பழ வாசமுமாய், பகலிலேயே பாதித் தூக்கத்தில் நடப்பதுபோல் இருக்கிறது. போனில் சொல்லக்கூடியதை எதற்குக் கடிதமாய் எழுதுகிறேன் என்று நினைப்பாய். போன வாரம் நீ, அம்மாவுக்கு என் பேராவது ஞாபகம் இருக்கா அப்பா, இல்லைன்னா சொல்லிருங்க, நான் இனிமே வீடியோவில வந்து அவங்களக் கஷ்டப்படுத்தல என்று கேட்டாய் அல்லவா, அப்போது அடுப்பில் பால் இருக்கிறது என்று பொய் சொல்லிப் போனை வைத்துவிட்டேன். இப்போது உட்கார்ந்து நிதானமாய் எழுதுகிறேன்.

பிப்ரவரியில் அம்மாவுக்குப் பக்கவாதம் வந்ததிலிருந்து அவளிடம் மிச்சமிருந்தது ஒரே ஒரு வார்த்தை. ஆமா. சாப்பிட்டாயா என்றால் ஆமா, சாப்பிடவில்லையா என்றாலும் ஆமா. முப்பத்தாறு வருடத்தில் நான் சொன்ன எதற்கும் ஆமா போடாதவள் அன்னாள், அதை மொத்தமாய்ச் சேர்த்து இப்போது போடுகிறாள் என்று சிரித்துக்கொண்டேன், பிறகு குளியலறைக்குப் போய் அழுதேன். அதோடு விட்டேனா, கல்லூரி பஸ் ஓட்டியவன் புத்தி, எதையும் நேரத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்துவிட வேண்டும். கரண்டியைத் தூக்கிக் காட்டி இது என்ன, சொல்லு, தம்ளரைக் காட்டி இது என்ன, சொல்லு என்று ஒரு மாதம் அவள் உயிரை வாங்கினேன். அவள் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வாள். நீ கூப்பிடும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டதும் அதே வருத்தத்தில்தான், உன்னைப் பிடிக்காமல் இல்லை. பேர் சொல்லிக் கூப்பிட வராத வாயோடு மகள் முன்னால் எப்படி உட்காருவது.

மே மாதக் கடைசியில் ஒரு மத்தியானம் கரண்ட் இல்லை. அம்மாவைப் பின்வாசலில் நாற்காலி போட்டு உட்கார வைத்திருந்தேன். கொய்யாமரத்தில் கிளிகள் வந்து காயைக் கடித்துக் கடித்துப் போட்டன, நான் துண்டை வீசி விரட்டிக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து ஒரு பாட்டு கேட்டது. யாரோ ரேடியோ வைத்திருக்கிறார்கள் என்றுதான் நினைத்தேன், கரண்ட் இல்லாதது அப்புறம்தான் உறைத்தது. திரும்பினால் அம்மா கண்ணை மூடிக்கொண்டு பாடுகிறாள்.

சிலக்கா சிலக்கா ரா ரா
சப்பட்ட மாங்கா தாரேன் ரா
மலையத் தாண்டி வந்தவளே
யாரக் கூட்டி வந்திருக்க?

ஒரு எழுத்து பிசகவில்லை. இந்த வீட்டில் உனக்கும் உன் சிநேகிதிகளுக்கும் அவள் ஆடிக் காட்டிய அதே விளையாட்டுப் பாட்டு. ஒருத்தி கண்ணை மூடி உட்கார, எல்லோரும் பாட, சிலக்காவாய் இருப்பவள் கூட்டத்திலிருந்து ஒரு பிள்ளையைக் கூட்டி வந்து அவள் கையில் கையை வைக்க, தொட்டுப் பார்த்துப் பேரைச் சொல்ல வேண்டும். தப்பாய்ச் சொன்னால் தப்பு தப்பு என்று கை தட்டுவீர்கள், மறுபடியும் கண்ணை மூட வேண்டும். அன்றைக்கு அம்மா கேள்வி வரைக்கும் பாடினாள், பேர் வர வேண்டிய இடத்தில் நின்றுவிட்டாள். பாட்டு கேட்டுப் பக்கத்து வீட்டு நாகஜோதி மாவுக் கையோடு ஓடி வந்து, அண்ணாச்சி, அக்கா எங்க பாஷையில கிளியக் கூப்புடுதாவ என்றாள். எனக்கு ஒன்றும் புரியவில்லை. தெலுங்கில் சிலக்கா என்றால் கிளியாம், ரா என்றால் வாவாம். அவள் மாமியார் சொன்ன கதை, அந்தக் காலத்தில் சோளக் காட்டுக்குக் கிளி விரட்டப் போன தெலுங்குப் பிள்ளைகள் விரட்டிச் சலித்துப்போய், சரி வந்து தொலை, மாங்காய் தருகிறேன் என்று கூப்பிட்டுப் பாடியதாம். நிசமோ பொய்யோ, யார் கண்டது. பக்கத்துக் காட்டில் நின்ற நம் தமிழ்ப் பிள்ளைகள் காதில் அது யாரோ ஒரு அக்காவாய் விழுந்திருக்கிறது.

உன் அம்மா பிறந்த சுந்தரபாண்டியத்தில் அந்த அக்காவுக்கு ஒரு கதையே உண்டு, கல்யாணத்தின்போது என்னிடம் சொல்லியிருக்கிறாள். சிலக்கா மலைக்கு அந்தப் பக்கம் கட்டிக்கொடுத்த பெண்ணாம், போனவள் வரவேயில்லையாம், சின்னப் பிள்ளைகள் மாங்காயைக் காட்டிக் கூப்பிடுகிறார்களாம். ஒரு சொல்லைத் தப்பாய்க் கேட்டு ஒரு பெண்ணையே பெற்று வளர்த்துக் கட்டியும் கொடுத்திருக்கிறார்கள் பார். பிளவக்கல் பக்கம் அணை கட்டிய பிறகு அங்கத்துப் பிள்ளைகள் பாட்டில் மலையத் தாண்டி போய் அணையத் தாண்டி ஆனது. என் பஸ்ஸில் கிருஷ்ணன்கோவில் கல்லூரிக்குப் போகிற பிள்ளைகள்கூடக் கடைசி சீட்டில் ஒருத்தன் கண்ணைப் பொத்தி இதைப் பாடிக் கூத்தடிக்கும், நான் கண்ணாடியில் பார்த்து அதட்டுவேன், அவர்கள் இறங்கிய பிறகு வெறும் பஸ்ஸில் நானே முணுமுணுத்துக்கொண்டு வருவேன். எப்படி ஒட்டிக்கொள்கிறது என்று எனக்குத் தெரியவில்லை. கண்ணை மூடிக்கொண்டு ஒரு கைக்காகக் காத்திருக்கிற அந்தக் கொஞ்ச நேரம் எல்லாருக்கும் வேண்டியிருக்கிறது போல.

ஸ்ரீவில்லிபுத்தூரில் பேச்சுப் பயிற்சி கொடுக்கிற மாரிச்செல்வியிடம் சொன்னேன். நாங்க கிளியக்கான்னு பாடுவோம் ஐயா என்று அந்தப் பெண் சிரித்தாள், ஆண்டாள் ஊரில் கிளிக்கா பஞ்சம். பேச்சு போற ரோடு வேற, பாட்டு போற ரோடு வேற, அம்மாவுக்குப் பேச்சு ரோட்டுலதான் அடைப்பு, நீங்க சுத்திக்கிட்டு வாங்க என்றாள். இப்படி முதலிலேயே சொல்லியிருந்தால் ஒரு டிரைவருக்குப் புரியாதா. பேர் வருகிற இடத்தில் நான் சொல்லிக் கொடுக்கக் கூடாது, வாயை மூடிக்கொண்டு காத்திருக்க வேண்டும் என்றும் கண்டிப்பாய்ச் சொன்னாள். அன்று முதல் நான்தான் சிலக்கா. பால்காரர் பேச்சிமுத்துவைக் கூட்டி வந்து கையை வைக்கச் சொன்னேன், அவர் கூச்சத்தில் நெளிந்தார், அம்மா தொட்டுப் பார்த்துச் சிரித்து ஆமா என்றாள். நாகஜோதி கைக்கும் ஆமா. பதினைந்து நாள் இப்படியே போனது.

நேற்று முன்தினம் மழையில் யாரும் வரவில்லை. நானே பாடி, கேள்வி கேட்டு, என் கையையே வைத்தேன். ஸ்டியரிங் பிடித்துக் காய்த்துப் போன கை, அவளுக்குத் தெரியாததா. விரலால் தடவிக்கொண்டே இருந்தாள். சாரல் முகத்தில் அடித்தது, நான் துடைக்கவில்லை. மனசுக்குள் இருபதுவரை எண்ணியிருப்பேன். ஸ்வீட்டி என்றாள்.

தப்பு தப்பு என்று கை தட்ட வேண்டிய இடம் மக்கா அது. என் கையை எடுக்கவே மனசு வரவில்லை. முப்பத்தாறு வருடமாய்ப் பிடித்த கையைப் பிடித்துக்கொண்டு என் பேரை விட்டுவிட்டாளே என்று ஒரு துளி வருத்தம்கூட இல்லை, சத்தியமாய்ச் சொல்கிறேன். நீ கேட்டதற்கு இதுதான் பதில்.

கர்த்தர் உங்கள் மூவரையும் கண்மணிபோல் காப்பாராக, எலினாவுக்கு எங்கள் இருவரின் முத்தம். நாகஜோதி இந்தப் பக்கங்களைப் போட்டோ எடுத்து வாட்ஸப்பில் அனுப்புவாள், மறக்காமல் ஞாயிற்றுக்கிழமை சபை முடிந்து வந்ததும் கூப்பிடு. எப்படி இருக்கீங்கம்மா என்று கேட்காதே, நேரே பாட்டை எடு, கேள்வியோடு நிறுத்திக்கொள். எவ்வளவு நேரமானாலும் பேசாதே, அழாதே, பேரை எடுத்துக் கொடுத்துவிடாதே. பால்காரர் பேரைச் சொன்னாலும் சொல்வாள், அதற்கும் தயாராய் இரு. அம்மா கண்ணை மூடியதும் என் கையை அவள் கையில் வைக்கிறேன், நீ அங்கிருந்து அதை உன் கை என்று நினைத்துக்கொள்.

உன் அப்பா,
சத்தியநேசன்
ராஜபாளையம்