இரண்டு முறை கூப்பிட்டீர்கள்

என் பிரியமுள்ள அத்தானுக்கு,

சாரல் இறங்கிவிட்டது. தென்காசி ஸ்டேஷனில் நின்று பார்த்தால் மலையே தெரியவில்லை. மூன்று நாளாக அப்படித்தான் இருக்கிறது. உங்களுக்கு உயிரான பருவம் இது. நான் இப்போதெல்லாம் மலைப் பக்கத்து ஜன்னலைச் சாத்திவிடுகிறேன்.

வெள்ளிக்கிழமை ஒரு கோஷ்டியை மலைக்குக் கூட்டிக்கொண்டு போகிறேன். பட்டணத்துக்காரர்கள், ஐந்து பேர், அதில் இரண்டு பெண்கள். நீங்கள் கூட்டிப்போகிற அதே நாலு நாள் வழிதான். முதல் நாள் குற்றாலத்திலிருந்து செண்பகாதேவி அருவி, அதற்கு மேலே தேனருவி. இரண்டாம் நாள் ஏலத்தோட்டம். மூன்றாம் நாள் நமக்கு மலையில் துணைவருகிற நீலன் இருக்கிற பளியர் குடி. நாலாம் நாள் மலையாளத்துப் பக்கம் இறங்கி, ஆரியங்காவில் ரயிலேறி, செங்கோட்டை வழியாக வீடு. ஒரு வருஷமாக வந்த கடிதங்களுக்கெல்லாம் ‘ஆள் இல்லை’ என்றுதான் எழுதிப் போட்டேன். இந்தத் தடவை பதிலைக் கோமு அக்கா எழுதிவிட்டாள், என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல்.

நான் எங்கே, வழிகாட்டி வேலை எங்கே? உங்கள் பின்னால் அரிசி மூட்டையோடும் சுமையாட்களோடும் மல்லுக்கட்டிக்கொண்டு வந்த சமையல்காரன் நான். வெள்ளைக் கோட்டும் கையில் குடையுமாக ஸ்டேஷனில் நீங்கள் போய் நின்றால், ரயிலிலிருந்து இறங்குகிறவர்கள் கலெக்டர் ஆபீஸ் மனுஷரோ என்று நினைத்துக் கும்பிடுவார்கள். என்னைப் பார்த்தால் பெட்டியைத் தூக்கச் சொல்கிறார்கள். கோபம் வருகிறது. வந்து என்ன செய்ய?

நீங்கள் விடுகிற கதைகளும் எனக்கு வராது. தேனருவிக்கு மேலே இருக்கிற மொட்டைப் பாறையை மதுரைக்காரர்களிடம் சித்தர் உட்கார்ந்த இடம் என்பீர்கள். அதே பாறை திருநெல்வேலிக்காரர்களுக்குக் கொள்ளைக்காரன் ஒளிந்த இடமாகிவிடும். நான் சோற்றைக் கிண்டிக்கொண்டே சிரிப்பை அடக்கப் படாத பாடு படுவேன். பிறகு தனியாகக் கேட்டால், “கொள்ளைக்காரன் போனதுக்கப்புறம் சித்தர் வந்தாருன்னு வச்சுக்கோயேன் மாப்ளே” என்பீர்கள்.

ஒன்றில் மட்டும் நீங்கள் விளையாடியதே இல்லை. முதல் நாள் சாயங்காலம் கொட்டகையில் எல்லாரையும் உட்காரவைத்து, முகத்திலிருந்த சிரிப்பைத் துடைத்துவிட்டுச் சொல்வீர்கள்: “மஞ்சு எறங்கிக் கண்ண மறச்சிட்டா நின்ன எடத்துல நில்லுங்க. யாரு கூப்பிட்டாலும் மொத சத்தத்துக்கு அசையாதீங்க. ரெண்டாவது சத்தத்துக்கும் அசையாதீங்க. மூணாவது தடவ கூப்பிட்டாத்தான் பதில் குடுக்கணும்.”

பக்தியுள்ளவர்கள் ஏன் என்று கேட்டால், மலையில் ஒன்று இருக்கிறது, தெரிந்தவர் குரலில் கூப்பிடும், ஆனால் இரண்டு தடவைக்கு மேல் அதற்குக் கூப்பிட வராது என்பீர்கள். படித்தவர்கள் கேட்டால், பாறையில் மோதித் திரும்புகிற சத்தம் திக்கைத் தப்பாகக் காட்டும், அதை நம்பி ஓடினவன் விளிம்பில் போய் நிற்பான், மூன்று தடவை கேட்டால்தான் திசை பிடிபடும் என்பீர்கள். இதில் எது நிஜம் என்று நான் ஒரு நாள் கேட்டேன். “ரெண்டும் ஒண்ணுதான்” என்றீர்கள். இன்னும் எனக்கு அது விளங்கவில்லை.

போன வருஷம் அந்த வக்கீல் குடும்பத்தோடு போனதை இப்போது சொல்லியாக வேண்டும். நீங்களும் அங்கேதான் இருந்தீர்கள். ஆனால் மேலே என்ன நடந்தது என்று உங்களுக்குத் தெரியாதே. தெரியாமலேதானே போனீர்கள்?

மூன்றாம் நாள் காலையிலிருந்தே எனக்கு ஒன்றும் சரியாகப் படவில்லை. கருமந்திகள் கூட்டம் கூட்டமாகச் சோலையை விட்டுக் கீழே இறங்கிக்கொண்டிருந்தன. பளியர் குடியில் நடுப்பகலிலேயே படலைச் சாத்திவிட்டார்கள். நீலன் உங்களிடம் வந்து, “இன்னைக்கு மேல வேண்டாம் சாமி” என்றான். நீங்கள் வக்கீலைப் பார்த்தீர்கள். விளிம்புப் பாறையிலிருந்து மலையாளத்துச் சீமையைப் பார்க்கத்தான் இவ்வளவு தூரம் வந்தோம் என்றார் அவர். நீலனையும் கூட்டிக்கொண்டு போனோம்.

பாறையில் வக்கீலின் தம்பி காமிராவை மூன்று காலில் நிறுத்தி எல்லாரையும் படம் பிடித்தார். திரும்பி அரை பர்லாங்கு இறங்கியிருப்போம். அப்போதுதான் கண்ணாடித் தகடுகள் வைத்த தோல்பையை மேலேயே விட்டுவிட்டு வந்தது அவருக்கு நினைவு வந்தது. “நான் எடுத்துட்டு வாரேன். நீ இவுகளப் பாத்துக்கோ மாப்ளே” என்று சொல்லிவிட்டு ஏறினீர்கள். நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். பத்து எட்டு வைப்பதற்குள் உங்கள் கால் தெரியவில்லை, பிறகு கோட்டு, பிறகு குடை. எங்களையும் மஞ்சு மூடிவிட்டது. பக்கத்தில் நிற்கிற வக்கீல் மூச்சு விடுவது கேட்டது, ஆள் தெரியவில்லை.

அப்போது கூப்பிட்டீர்கள். “மாப்ளே” என்று, நீட்டி. எல்லாருக்கும் கேட்டது.

வக்கீலின் மனைவி, “உங்களைத்தானே கூப்பிடுறார், போய்ப் பாருங்களேன்” என்றார். நான், “மூணு தடவ கூப்பிடட்டும்மா” என்றேன். வெற்றிலை மடித்து வாயில் போட்டு மெல்லுகிற நேரம் போயிருக்கும். மறுபடியும் கேட்டது. இந்தத் தடவை, “சங்கரா.”

அக்காவைக் கட்டிய நாளிலிருந்து நீங்கள் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. அதனால் அது நீங்கள் இல்லை, வேறு எதுவோ என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பொய் அத்தான். அது உங்கள் குரல்தான் என்று எனக்கு நன்றாகத் தெரியும். சட்டத்துக்குக் கட்டுப்பட்டு நான் நிற்கவில்லை. பயந்து நின்றேன். கால் எழவில்லை, வாயும் எழவில்லை. நீங்கள் போட்ட சட்டம் எனக்கு ஒளிந்துகொள்ளத் தோதாக இருந்தது.

மூன்றாவது சத்தம் வரவில்லை. கூப்பிட மூச்சு இல்லாமல் போனதா? இல்லை, இவன் வரமாட்டான் என்று தெரிந்து விட்டுவிட்டீர்களா? ஒரு வருஷமாக நான் உங்களிடம் கேட்க நினைத்தது இதைத்தான்.

அரை மணி கழித்து மஞ்சு விலகியது. தோல்பை பாறைமேல் வைத்த இடத்திலேயே இருந்தது; நீங்கள் அது வரைக்கும் போகவே இல்லை, வழியிலேயே வழுக்கிப் பள்ளத்தில் விழுந்திருக்கிறீர்கள். நீலன் கொடியைப் பிடித்துக்கொண்டு கீழே இறங்கினான். பாறை மடிப்பில் கிடந்த உங்கள் கையைத் தொட்டுப் பார்த்துவிட்டு மேலே நின்ற என்னைப் பார்த்தான். “சூடு இருக்கு சாமி. உசிரு இல்ல” என்றான். உங்கள் நகத்துக்குள்ளே எல்லாம் மண். ஏறிவரப் பார்த்திருக்கிறீர்கள்.

கம்பில் கம்பளியைக் கட்டி உங்களை இறக்கிக்கொண்டு வந்தோம். வழியில் வக்கீல், “எதிரொலியை நம்பி நீர் ஓடியிருந்தால் ரெண்டு பேருமே போயிருப்பீர்கள், செய்தது சரிதான்” என்றார். நீலன், “மல ரெண்டு தடவதான் கூப்பிடும். நீங்க போகாதது நல்லது சாமி” என்றான். வக்கீலின் மனைவி மட்டும் ரயிலேறுகிற வரைக்கும் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார். என்னைச் சரியாகத் தெரிந்துகொண்டது அவர் ஒருவர்தான்.

வீட்டு வாசலில் அக்கா கேட்டாள். “அவுக எதாவது சொன்னாகளா, கூப்பிட்டாகளா?” அவள் நின்ற நிலையைப் பார்த்து, “இல்லக்கா. வழுக்குனது, போனது, ஒரு நொடிதான்” என்றேன். அந்த ஒரு நொடியைத்தான் அவள் பிடித்துக்கொண்டாள். துக்கம் விசாரிக்க, துட்டி கேட்க என்று வந்தவர்களிடமெல்லாம், “வலி தெரியாமப் போயிட்டாக, அது போதும்” என்பாள். அதைச் சொல்லும்போதெல்லாம் நான் கால் கழுவுகிற சாக்கில் கிணற்றடிக்குப் போய்விடுவேன். கால் கழுவியே என் கால் தேய்ந்துவிட்டது.

இப்படியே ஓட்டிவிடலாம் என்றுதான் இருந்தேன். போன ஞாயிற்றுக்கிழமை, மலைக்குக் கொண்டுபோக மல்லி வறுத்துக்கொண்டிருந்தவள் திரும்பிப் பார்க்காமலே சொன்னாள்: “ஏலே, அவுக வச்ச சட்டத்த மட்டும் விட்டுராத. மூணு சத்தம் கேக்காம அசையக் கூடாது. உன்னையும் குடுத்துட்டு நான் என்ன செய்ய?”

அதற்கு மேல் என்னால் முடியவில்லை. நின்றபடியே எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். மல்லி கருகுகிற வாடை வந்தது. அவள் சட்டியை இறக்கிவைத்தாள்.

“மொதல்ல என்னன்னு கூப்பிட்டாக?”

“மாப்ளேன்னு.”

“ரெண்டாவது?”

“எம் பேரச் சொல்லி.”

“கோவமாவா?”

அதை நான் எதிர்பார்க்கவில்லை. யோசித்துப் பார்த்தேன். “இல்லக்கா. பயந்து போயி” என்றேன். அவள் முந்தானையை வாயில் வைத்து அடைத்துக்கொண்டாள். நான் செத்திருக்கலாம் என்று தோன்றியது.

இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. நேரத்துக்குச் சோறு போட்டாள், குழம்பை ஊற்றினாள், முகத்தைப் பார்க்கவில்லை. ‘வெளிய போடா’ என்று சொல்லியிருந்தால் நிம்மதியாகப் போயிருப்பேன். மூன்றாம் நாள் காலையில் வந்து நின்றாள்.

“வெள்ளிக்கெழம நானும் வாரேன். அந்தப் பொம்பளைக தொணைக்கு ஒரு ஆளு கேட்டிருக்காக. நாந்தான் அந்த ஆளு.”

“அங்கன கால் வைக்க முடியாதுக்கா. வேண்டாம்.”

“நீலன் எறங்குன எடத்துல நான் எறங்குதேன். அவுக கெடந்த எடத்துல நான் நிக்கணும். நீ அன்னைக்கு நின்ன எடத்துல நில்லு. நான் கீழ நின்னு கூப்பிடுதேன். எம்புட்டுத் தெளிவாக் கேக்குதுன்னு எனக்குத் தெரியணும்.”

“தெளிவாக் கேட்டா என்ன செய்யப் போற?”

“மொதல்ல கேக்கட்டும்” என்றாள்.

மாட்டேன் என்று சொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? நேற்று நீலன் ஆள் அனுப்பியிருந்தான், இந்த வாரம் மேலே வர வேண்டாமாம். அதை அக்காவிடம் சொன்னேன். “அப்ப மஞ்சு இருக்கும். அன்னைக்கு மாதிரியே இருக்கட்டும், அதுதான் நல்லது” என்றாள். கோஷ்டிக்குத் தந்தியாவது அடிப்போம் என்றேன். அவர்களைப் பளியர் குடியிலேயே சுமையாட்களோடு இருக்கச் சொல்லிவிட்டு நாம் மட்டும் போய்வருவோம் என்று அதற்கும் பதில் வைத்திருந்தாள்.

இன்று காலை மாட்டைப் பக்கத்து வீட்டில் கொண்டுபோய்க் கட்டினாள். நாலு நாளைக்கு என்றுதான் அவர்களிடம் சொன்னாள். ஆனால் பருத்திக்கொட்டை மூட்டையை முழுசாகத் தூக்கிக் கொடுத்துவிட்டாள். நாலு நாளைக்கு ஒரு மாடு ஒரு மூட்டையா தின்னும்?

ஊரெல்லாம் வெள்ளைக்காரன் சீமையில் சண்டை வரப்போகிறது என்று பேசிக்கொண்டிருக்கிறார்கள். எனக்கு அதெல்லாம் காதில் ஏறவில்லை. என் அக்கா எதற்காக அந்தப் பள்ளத்தில் இறங்குகிறாள் அத்தான்? என்னை மன்னிக்கவா, தண்டிக்கவா? இல்லை, உங்கள் பக்கத்தில் வந்து சேரவா? அவளோடு அத்தனை வருஷம் குடித்தனம் செய்தவர் நீங்கள். உங்களுக்குத் தெரிந்திருக்கும். எனக்குத் தெரியவில்லை.

ஒரு சத்தியம் மட்டும் செய்து தருகிறேன். நான் நின்ற இடத்தில் நிற்பேன். அவள் முதல் தடவை வாயைத் திறந்ததுமே பதில் கொடுத்துக்கொண்டு கீழே இறங்கிவிடுவேன். அது அவள் குரல்தானா, எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று நின்று யோசிக்க மாட்டேன். அவளிடம் போய்ச் சேருவேனா என்பது மலையின் கையில் இருக்கிறது. ஆனால் ஒரு பதில் வரும், அவள் காதில் விழும்படி வரும். போன வருஷம் நீங்கள் அங்கே கிடந்து கேட்டும் கிடைக்காமல் போன பதிலும் அதுதான்.

உங்களுக்கு மாப்ளேயாக இருந்தவன்,
கோமுவின் தம்பி,
சங்கரன்