கேமராவுக்குப் பின்னால் இருக்கிறவர்

குனோங் ராபாட், 1984

காட்டிலேயே குடியிருக்கும் என் வீட்டுக்காரருக்கு,

நம் மகள் நவமணியைப் பெண் பார்க்கத் தாப்பாவிலிருந்து வந்தார்கள். நீங்கள் எங்கே என்று மாப்பிள்ளையின் அம்மா கேட்டார். நல்லவேளை, அன்று டிவியில் நீங்கள் எடுத்த எங்காங் என்கிற இருவாச்சிப் பறவைப் படம் ஓடியது. உட்காரவைத்துக் காட்டினேன். அந்த அம்மா விடவில்லை.

"பறவைதான் வருது, ஆளைக் காணோமே?"

"படம் புடிக்கிறவரு படத்துல வரமாட்டாருலா அக்கா!"

எல்லோரும் சிரித்தார்கள். ஆனால் போகும்போது, பெண்ணின் அப்பா கையால்தான் தாம்பூலத் தட்டு வாங்குவோம் என்று சொல்லிவிட்டார்கள். எனக்குப் புருஷன் இருக்கிறாரா என்றே சந்தேகம் போல!

அடுத்த வெள்ளிக்கிழமை மறுபடி வருகிறார்கள். பறவை முட்டையிடட்டும், குஞ்சு பொரிக்கட்டும், நீங்கள் பஸ் ஏறுங்கள். வராவிட்டால் உங்கள் இடத்தில் உங்கள் அண்ணனை உட்காரவைக்கலாமா என்று மகளிடம் கேட்டேன். உங்கள் வெள்ளை வேட்டியை இஸ்திரி போட்டுக் கதவில் மாட்டிவிட்டுப் போய்விட்டாள்.

கோபத்துடன்,
உங்கள் வீட்டுக்காரி