ஆறு மாதத்துக்குக் கட்டிய சாக்குமூட்டை

அக்கா,

உங்கள் பெயருக்கு வந்த கோர்ட்டு நோட்டீஸ் என் முன்னால் கிடக்கிறது. மேல்கோர்ட்டிலிருந்து உங்கள் ஃபைல் திரும்பி வந்துவிட்டதாம், நேரில் ஆஜராக வேண்டுமாம். நீங்கள் செத்து ஒன்றரை வருஷம் ஆகிறது. வெட்கங்கெட்டவர்கள்!

நீங்கள் கேட்டது என்ன, அரண்மனையா? ரிட்டயர் ஆனதும் இருக்கலாம் என்று கரோல் பாகில் வாங்கிய மொட்டைமாடி அறை, அந்த பர்சாத்தி. கீழ்வீட்டுக்காரன் படிக்கட்டை மறித்துக் கதவு போட்டுப் பூட்டினான். சொந்த வீட்டுக்கு ஏறிப் போகப் படிக்கட்டு வேண்டும், அவ்வளவுதான் வழக்கு. லோதி ரோடு குவார்ட்டர்ஸைச் சர்க்கார் காலி செய்யச் சொன்னது. ஒரே ஆபீஸில் எதிரெதிர் மேஜையில் டைப் அடித்த உரிமையில் உங்களை என் வீட்டுக்கு இழுத்து வந்தேன். நாலு மாதத்தில் முடிந்துவிடும் என்றார் வக்கீல். நாலு வருஷம் ஓடியது. ஒரு தாரீக்கில், அதாவது வாய்தா நாளில், ஜட்ஜ் லீவு, அடுத்ததில் எதிர்த்தரப்பு வக்கீலுக்கு ஜலதோஷம். நீங்கள் மட்டும் ஒன்பது மணிக்கே போய் வராந்தாவில் உட்கார்ந்திருப்பீர்கள். டவாலி பெயரைக் கூப்பிட்டதும் "ஹாஜிர்!" என்று பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரி கை தூக்குவீர்கள்.

ஏதோ ஒரு சில்லறை உத்தரவை எதிர்த்துக் கீழ்வீட்டுக்காரன் மேல்கோர்ட்டுக்குப் போனான். அங்கே நீதிபதி அவனை விரட்டிவிட்டார். படிக்கட்டு வழக்குக்கு இத்தனை வருஷமா, ஆறு மாதத்தில் முடியுங்கள் என்று கீழ்க்கோர்ட்டுக்கு உத்தரவும் போட்டார். அன்று பிளாக் முழுக்கக் கேசரி கொடுத்தீர்கள். "ஏட்டி, பெரிய கோர்ட்டே சொல்லிட்டு. இனிமே எவன் மறிப்பான்?" என்று பாத்திரங்களையெல்லாம் சாக்கில் போட்டுக் கட்டினீர்கள். ஒரு தட்டும் ஒரு டம்ளரும்தான் வெளியே. முப்பது வருஷம் சர்க்கார் உத்தரவுகளை டைப் அடித்தவர்களாயிற்றே, தேதி போட்டால் அந்தத் தேதிக்குள் நடந்துவிடும் என்று நம்பினோம். இரண்டு முட்டாள்கள்.

மேல்கோர்ட்டு பார்ப்பதற்காக வரவழைத்த ஃபைல் மேலேயே தங்கிவிட்டது. ஃபைல் இல்லாமல் கீழே விசாரணை கிடையாது. "ஃபைல் ஊபர் ஹை, மாதாஜி" என்று கூரையைக் காட்டினார், தேதி எழுதிக் கொடுக்கும் பேஷ்கார். மேலே போய்க் கேட்டால் அனுப்பியாயிற்று என்றார்கள். ஏசியாட் விளையாட்டுக்காக இதே ஊரில் மேம்பாலங்கள் மளமளவென்று எழும்பிய காலம் அது. ஒரு காகிதக் கட்டு சில மைல் வர முடியவில்லை! அந்த நல்ல நீதிபதிமேலும் எனக்கு ஆத்திரம்தான். உத்தரவு போட்ட கையோடு, ஃபைலைக் கீழே அனுப்பு என்று ஒரு வார்த்தை சொன்னால் வாய் வலிக்குமா?

ஆறு மாதம் முடிந்த அன்று, "மூட்டையப் பிரிங்கக்கா" என்றேன்.

"பிரிச்சா தோத்த மாதிரி ஆயிரும்ட்டி. இரு, வரும்."

உங்கள்மேலும் கோபம்தான். ஒரு நாளாவது அந்த வராந்தாவில் நின்று கத்தியிருக்கக் கூடாதா? அடுத்த குளிரில் நிமோனியா உங்களைக் கொண்டுபோயிற்று.

நேற்று போனேன், இறப்புச் சான்றிதழை அவர்கள் முகத்தில் எறிந்துவிட்டு வரலாம் என்று. டவாலி உங்கள் பெயரைக் கூப்பிட்டார். என் கை தானாக மேலே போனது. "ஹாஜிர்!" என்று கத்தியே விட்டேன். சான்றிதழைப் பார்த்த புது ஜட்ஜ், வாதி இறந்த தொண்ணூறு நாளுக்குள் வாரிசு மனு போடவில்லையே, வழக்கு அற்றுப்போனது என்றார். ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை. ஆறு மாதத்தை எண்ணத் தெரியாதவர்களுக்குத் தொண்ணூறு நாளை மட்டும் எண்ணத் தெரிகிறது, அக்கா!

தாமதத்தை மன்னிக்கச் சொல்லி வாரிசு மனு போடலாமாம். யார் தாமதத்தை யார் மன்னிப்பது? இருந்தாலும் ஊரில் இருக்கும் உங்கள் தம்பிக்கு எழுதிவிட்டேன். அவர் கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதும். தாரீக்குக்கு நான் போய்க்கொள்கிறேன், ஒன்பது மணிக்கே.

சாக்குமூட்டை என் கட்டிலுக்கடியில் இருக்கிறது. பிரிக்கவில்லை.