சிரிப்புக்கு விட்ட இடம்

அன்பு மகள் சசிரேகாவுக்கு, அம்மா எழுதுவது. படப்பையில் நானும் அப்பாவும் சௌக்கியம், கால்கரி குளிரில் நீயும் மாப்பிள்ளையும் நலமாயிருக்க தினமும் விளக்கேற்றும்போது வேண்டிக்கொள்கிறேன். பருப்புப்பொடிப் பார்சலுக்குள்ளேயே இந்தக் கடிதத்தையும் வைக்கிறேன். போனில் சொன்னால் பாதியிலேயே "அப்புறம்?" என்பாய், இது அவசரமாகச் சொல்கிற சங்கதி இல்லை.

ஒரகடத்துக் கம்பெனி ஆயுத பூஜைக்கு அப்பா நகைச்சுவை நாடகம் எழுதுகிறார் என்றதும் நீ என்னைத் திட்டினாயே, இந்தக் காலத்துப் பிள்ளைகள் சிரிக்காவிட்டால் அவர் தாங்கமாட்டார் என்று, எனக்கும் அதே பயம்தான். டிவி வந்த புதிதில் அவர் எழுதிய நாடகங்களை ஆளில்லாத ஸ்டூடியோவில்தான் எடுப்பார்கள். ஒளிபரப்பாகும் அன்று, தெருவில் டிவி இருந்த ஒரே வீட்டு வாசலில் நின்று உள்ளே சிரிக்கிறார்களா என்று காதைத் தீட்டிக்கொண்டு கேட்பார். சினிமாவுக்குக் காமெடி எழுதிக் கொடுத்தபோதும் டைட்டிலில் பேர் வராது, தியேட்டரில் கடைசி வரிசைக்குப் பின்னால் நிற்பார், தெரிவதெல்லாம் ஜனங்களின் பிடரிதான். ஊரையே சிரிக்க வைத்தவர் சிரிக்கிற முகத்தைப் பார்த்ததில்லை. நான் சிரித்தால் கணக்கில் வராதாம், பெண்டாட்டி சிரிப்பு ஓசிச் சிரிப்பாம்!

நம் மாடியில் குடியிருந்து அந்தக் கம்பெனியில் வேலை பார்க்கும் தென்காசி நம்பிராஜன்தான் கதாநாயகன், கூட நடித்தவர்களும் அங்கே வேலை செய்யும் பிள்ளைகள்தான். ஒவ்வொரு ஜோக்குக்குப் பிறகும் கொஞ்சம் நிறுத்து, ஜனங்கள் சிரித்து முடிக்கட்டும் என்று ஒத்திகையில் அப்பா தலைதலையாய் அடித்துக்கொண்டார். "மெஷின் லைன்ல வேலை பாக்குற நாங்க, சூப்பர்வைசர் கையத் தூக்குனாத்தான் அய்யா நிப்போம், அதுவரைக்கும் ஓடிக்கிட்டேதான் இருக்கணும்லா" என்றான் அவன். பூஜையன்றும் அப்பா உள்ளே உட்காரவில்லை, பழைய வழக்கம்போல வெளியே பைக் ஸ்டாண்டு பக்கம் போய் நின்றுகொண்டார். முதல் ஜோக்குக்கே சிரிப்பு வந்துவிட்டது சசி! ஆனால் பிள்ளைகள் நிறுத்தாமல் பேசிக்கொண்டே போக, அடுத்த ஜோக் அந்தச் சத்தத்தில் அமுங்கிவிட்டது, அதற்கடுத்ததும் போச்சு. "இன்னாபா சொன்னான்?" என்று பக்கத்தில் கேட்டுக்கொண்டு கூட்டம் சலசலக்க ஆரம்பித்தது. அப்போது உன் அப்பா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு உள்ளே வந்தார் பார், நேரே மேடையேறி சூப்பர்வைசர் மாதிரி கையைத் தூக்கினார். பிள்ளைகள் டக்கென்று நின்றார்கள். கையை இறக்கினால் பேச்சு, தூக்கினால் சிரிப்பு, கடைசிவரை அப்படியே நடத்தினார். நாடகம் முடிந்த பிறகும் தூக்கிய கையை இறக்காமல் ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டே நின்றார். நான் அழுதுவிட்டேன்.

இப்போது நன்றாகச் சாப்பிடுகிறார், தீபாவளிக்கு இன்னொரு நாடகமாம். நீ ஸ்வெட்டர் போடாமல் வெளியே போகாதே. தீர்க்காயுசாய், மனம் குளிர்ந்து இருங்கள் இருவரும். ஒன்றை மறக்காதே, பார்சல் வந்ததும் போன் பண்ணு, அப்பா இந்தக் கதையை முதலிலிருந்து சொல்வார், தெரியாத மாதிரி கேள். அன்றைக்கு மட்டுமாவது வீடியோவைப் போட்டுப் பேசம்மா, நீ சிரிப்பதை அவர் பார்க்கட்டும்.

உன் அம்மா,
கனகம் ரகுபதி