நீ பாடிய டிராக்

இன்று காலை பாட வந்த பெண், மைக் முன்னால் நிற்பதற்குமுன் கழுத்தில் யூகலிப்டஸ் தைலம் தடவிக்கொண்டாள். அறை முழுக்க அந்த வாடை. எனக்கு மெட்டே மறந்துபோய்விட்டது. டீ குடித்துவிட்டு வருகிறேன் என்று வெளியே வந்தவன், மாடிப்படியில் உட்கார்ந்து உனக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன்.

நீயும் அப்படித்தான் தடவிக்கொள்வாய். அம்பத்தூரில் லேத் வேலை முடிந்ததும் நேரே கொரட்டூரில் என் வீட்டுக்கு வருவாய். ஃபேனை நிறுத்தி, ஜன்னலை மெத்தையால் அடைத்து, ரயில் கடக்கும்வரை காத்திருந்து பதிவு செய்வோம். நான் இசையமைத்த முதல் படத்துக்கு நீதான் டிராக் பாடினாய். பெரிய பாடகர் வரும்வரை அவருடைய இடத்தைப் பிடித்து வைக்கிற குரல்தான் டிராக். அது உனக்கும் தெரியும். ஆனால் இயக்குநர் கேட்டுவிட்டு, "இந்தக் குரலே இருக்கட்டும்" என்றார். உடனே உனக்குப் போன் போட்டேன். "மெய்யாலுமா மாமே?" என்றாய்.

ஒரு மாதம் கழித்து, பெயர் தெரிந்த பாடகர்தான் வேண்டும் என்றார் தயாரிப்பாளர். நான் எதிர்த்து ஒரு வார்த்தை பேசவில்லை. வாயைத் திறந்தால் படமே கைவிட்டுப் போய்விடுமோ என்று பயம். அதோடு விட்டேனா? சரணத்தில் நீயாகப் போட்ட அந்தச் சின்ன இழுப்பு எனக்கு வேண்டியிருந்தது. வந்தவருக்கு உன் டிராக்கையே போட்டுக் காட்டி, அப்படியே பாடவைத்தேன். உன்னிடம் மட்டும் நாளைக்குச் சொல்லலாம், நாளைக்குச் சொல்லலாம் என்று தள்ளிப்போட்டேன்.

படம் வெளியான அன்று உன் ஊர் வெள்ளானூரிலிருந்து பாதித் தெருவையே ஆவடி தியேட்டருக்குக் கூட்டிப்போயிருக்கிறாய். இடைவேளையில் உன் போன் வந்தது.

"நல்லா பாடிகீறாரு மாமே. நம்ம இழுப்பு கூட அப்டியே கீது."

"டேய், அது தயாரிப்பாளர்தான்..."

"உடு மாமே. ஒரு வார்த்த சொல்லிருந்தின்னா இவங்கள இட்டாந்திருக்க மாட்டேன். அவ்ளோதான்."

திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது. அதற்குப் பிறகு நீ கூப்பிட்டபோதெல்லாம் வேலை இருப்பதாகச் சொல்லித் தப்பித்தேன். உன் முகத்தைப் பார்க்க எனக்கு வெட்கம். நான் பெரிய ஆளாகிவிட்டதாக நீ நினைத்திருப்பாய்.

போன வருஷம் மாரடைப்பில் நீ போய்விட்டாய் என்று சேதி வந்தது. வந்தேன். பதிவு செய்த அன்றே நான் உனக்கு அனுப்பியிருந்த டிராக்கை உன் மகள் தன் போனில் ஓடவிட்டு, உன் தலைமாட்டில் வைத்திருந்தாள். என்னைப் பார்த்ததும் எழுந்து வந்தாள்.

"மாமா, அப்பா பாடுனது இதான. படத்துல யாரோ மாத்திட்டாங்கன்னு சொல்லும். யாருன்னு கேட்டா வாயே தொறக்காது. உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியலம்மா" என்றேன்.

கடைசிவரை நீ என் பெயரைச் சொல்லவில்லை. உன் பக்கத்தில் நின்றுகொண்டு நானும் சொல்லவில்லை. அவள் எண் என்னிடம் இருக்கிறது. இன்னும் கூப்பிடவில்லை.