பத்து நிமிடத்துக்கு மேல் ஊதக்கூடாது

அன்பு மகளுக்கு, அம்மா எழுதுவது. நீயும் மாப்பிள்ளையும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே நாங்களும் சுகம் என்று ஒரு வரி எழுதி உறையை ஒட்டிவிடத்தான் ஆசை, உன் அப்பா அதற்கு வழி விட்டால்தானே.

அவருடைய ஆல்பம் முடிந்துவிட்டது. உனக்குத் திருப்திதானே? கண்ணுக்குள் அழுத்தம் ஏறி வலது கண்ணில் ஓரப் பார்வை போய்விட்டது, தேநீரைக் கோப்பைக்குப் பக்கத்தில் ஊற்றுகிறார், சாக்ஸபோன் ஊதினால் அழுத்தம் இன்னும் ஏறும், போன பார்வை திரும்பாது என்று கண் மருத்துவர் படித்துப் படித்துச் சொன்னார். நான் சொன்னதெல்லாம் செவிடன் காதில் ஊதிய சங்கு. அந்த நேரம் பார்த்து நீ தொலைபேசியில், ஆசைப்பட்டதைச் செஞ்சிடுங்கப்பா என்று எரிகிற நெருப்பில் எண்ணெய் ஊற்றினாய். அங்கே உட்கார்ந்துகொண்டு சொல்வது சுலபம், அவர் கதவு நிலையில் முட்டிக்கொண்டால் நெற்றியில் தைலம் தேய்ப்பது நான்தானே. கடைசியில் மருத்துவரிடம் மன்றாடி ஒரு ஏற்பாட்டுக்கு வந்தோம். பத்து நிமிடம் ஊதலாம், பிறகு அரை மணி நேரம் ஓய்வு, நடுவில் சொட்டு மருந்து. முப்பது வருடம் பரீட்சை அறையில் மணி பார்த்தவள் நான், பேனாவைக் கீழே வை என்றால் வைக்க வேண்டும். அதனால் மூன்று நாளும் கூடவே போனேன்.

ஒலிப்பதிவுக்கூடம் டயர் கடைக்கு மேல்மாடியில். ஜன்னல் கிடையாது, சுவரெல்லாம் பஞ்சு மெத்தை, நடுவில் ஒரு கண்ணாடி, இந்தப் பக்கம் ஒலிப்பதிவுக்காரரும் நானும், அந்தப் பக்கம் மூன்று பேர். அப்பாவையும், டிரம்ஸ் அடிக்கிற நம் இடி மாமாவையும் உனக்குத் தெரியும். புதிதாக ஒரு ஒல்லிப் பெண், பேஸ் என்று தன்னைவிட உயரமான ஒரு ராட்சத வயலினைக் கட்டிப்பிடித்துக்கொண்டு வில்லால் வாசிக்கிறாள், சாப்பிட்டாயா என்று கேட்டால் தலையை மட்டும் ஆட்டுகிறாள். தாளில் ஒன்றும் எழுதி வைத்துக்கொள்வதில்லை, மெட்டு இல்லை, எங்கே ஆரம்பம் என்று யாருக்கும் தெரியாது, அதுதான் ஃப்ரீ ஜாஸாம். எப்படி முடிப்பது என்றும் தெரியாது. ஒருவர் நிறுத்தினால் இன்னொருவர் விடமாட்டார், முன்பெல்லாம் நாற்பது நிமிடம் இழுத்து, ஆளுக்கொரு பக்கமாக ஓய்ந்துபோவார்கள். நானா விடுவேன்? முதல் பாட்டில் பத்தாவது நிமிடம் கதவைத் திறந்துகொண்டு உள்ளே போய் நின்றேன். சிவப்பு விளக்கு எரியும்போது உள்ளே வரக்கூடாது என்று ஒலிப்பதிவுக்காரர் கிட்டத்தட்ட அழுதுவிட்டார். பிறகு கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று கையைத் தூக்கினால் போதும் என்று கெஞ்சினார். அப்பா கண்ணை மூடிக்கொண்டு ஊதுவதால், என் கையை இடி மாமாதான் பார்ப்பார். பார்த்ததும் ஓங்கி ஒரு அடி, அந்தப் பெண் வில்லை நிறுத்துவாள், அப்பாவும் புரிந்துகொண்டு அடங்குவார். இவர்கள் இவ்வளவு அழகாக முடித்து நான் கேட்டதே இல்லை என்றார் ஒலிப்பதிவுக்காரர். ஆல்பம் அட்டையில் என் பேரையும் போடப் போகிறார்களாம், தலையெழுத்து.

ஏழு பாட்டு இப்படிப் போயிற்று. எட்டாவதுதான் கடைசி. ஆரம்பத்திலேயே அவர் சத்தத்தைக் குறைத்து, காற்று மட்டும் வருகிற மாதிரி ஊதினார். உனக்கு ஐந்து வயதில் விடாமல் காய்ச்சல் அடித்தபோது, நீ எழுந்துவிடக்கூடாது என்று சாக்ஸபோன் வாய்க்குள் துண்டை அடைத்துக்கொண்டு சமையலறையில் ஊதுவாரே, அதே மாதிரி. பத்து நிமிடம் ஆயிற்று. நான் கையைத் தூக்கவில்லை. இடி மாமா மூன்று தடவை என்னைத் திரும்பிப் பார்த்தார், நான் கடிகாரத்தைப் பார்க்கிற மாதிரி குனிந்துகொண்டேன். அப்புறம் அது ஏறி, ஏறி, அவர் நெற்றி நரம்பெல்லாம் புடைத்தது, அப்போதும் என் கை எழவில்லை. பதினேழாவது நிமிடம் அவராகவே நிறுத்தினார். வெளியே வந்து நேரமாச்சா என்று கேட்டார். இப்பத்தான் ஆச்சு என்றேன். நம்பிவிட்டார். நாற்பது வருடத்தில் நான் அவரிடம் ஒரு நிமிடம்கூட விட்டுக்கொடுத்ததில்லையே.

வியாழக்கிழமை பரிசோதனை. அழுத்தம் ஏறியிருக்கிறது. பத்து நிமிடத்தைத் தாண்டினீர்களா என்று மருத்துவர் கேட்டார். உன் அப்பா நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, என் வீட்டுக்காரி இருக்கும்போது தாண்ட முடியுமா டாக்டர் என்றார். நான் சுவரில் மாட்டியிருந்த எழுத்து அட்டையையே படித்துக்கொண்டிருந்தேன். மருந்தை மாற்றிக் கொடுத்திருக்கிறார், அடுத்த மாதம் மறுபடி பார்க்க வேண்டும். உன்மேல் இவ்வளவு கோபப்பட்டு எழுத ஆரம்பித்தேன், இப்போது யார்மேல் கோபப்படுவது என்று தெரியவில்லை. எரிச்சல்தான் மிச்சம்.

வேளைக்குச் சாப்பிடு, குளிரில் காதை மூடிக்கொள், மாப்பிள்ளையையும் கேட்டதாகச் சொல். இரண்டு பேரும் நோய்நொடி இல்லாமல் நன்றாக இருங்கள். ஆல்பம் உனக்கும் வரும். அட்டைக்குப் பின்னால் ஒவ்வொரு பாட்டுக்கும் எத்தனை நிமிடம் என்று அச்சடித்திருப்பார்கள். அவ்வளவு சின்ன எழுத்தை உன் அப்பாவால் இப்போது படிக்க முடியாது. நீ படித்துக் காட்டிவிடாதே.

இப்படிக்கு,
எல்லோர்மேலும் கோபமாக இருக்கும்
உன் அம்மா