ஏலத்துக்குப் போன கறுப்புத் தூள்

நாயுடுபுரம், கொடைக்கானல்
14.11.1983

அன்புள்ள கண்மணிக்கு ஜெபதுரை எழுதிக்கொள்வது. கர்த்தருடைய கிருபையால் நானும் அத்தையும் நம் மகள் எஸ்தரும் சுகம். இங்கிலாந்துக் குளிர் தாங்க முடியவில்லை என்று எழுதியிருந்தாய். கொடைக்கானல்காரி குளிருக்குப் பயந்தாள் என்று வெளியே சொல்லிவிடாதே, மானம் போய்விடும்.

ஆராய்ச்சிக்கு இன்னும் இரண்டு வருஷம் இருக்கச் சொல்கிறார்கள், இருக்கட்டுமா, வரட்டுமா என்று கேட்டிருந்தாய். வந்துவிடு என்று எழுதிக் கவரையும் ஒட்டி வைத்திருந்தேன். அதற்குள் உன் அம்மா ஒரு வேலை செய்தார்கள்.

நீ முதன்முதலாகச் சுட்டெடுத்த லித்தியம் கோபால்ட் ஆக்சைடு என்று சின்னச் சீசாவில் கறுப்புத் தூள் அனுப்பினாயே, அதை அத்தை விளைச்சலைக் காணிக்கை வைக்கிற அறுப்பின் பண்டிகைக்குக் கொண்டுபோய், வடகவுஞ்சிப் பூண்டுக்கும் பூசணிக்காய்க்கும் நடுவில் காணிக்கையாக வைத்துவிட்டார்கள். முதற்பலன் கர்த்தருக்குத்தானாம். காணிக்கை மேஜைக்கு வந்தது ஏலத்துக்குப் போகாமல் இருக்குமா? கோயிலில் மணியடிக்கிற ஞானமுத்துதான் ஏலம் விட்டார். சீசாவைத் தூக்கிப் பிடித்து, "ஏலே, இதென்ன கண்மையா, பல்பொடியா?" என்று கேட்க, கூட்டமே சிரித்தது. எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. அத்தை எழுந்து, "எம்மக செஞ்சது. பேட்டரிக்குள்ள வைக்கிறது. மாப்பிள்ளை சொல்லுவாக" என்று என்னை மாட்டிவிட்டு உட்கார்ந்துகொண்டார்கள்.

பங்களா காவலுக்குச் சாவிக்கொத்தோடு திரிகிற எனக்கு என்ன தெரியும்? நீ எழுதியதை என் பாஷையில் சொன்னேன். சீசனுக்கு ஆட்கள் வந்து தங்குகிறார்கள், முடிந்ததும் வத்தலக்குண்டுக்கு இறங்கிவிடுகிறார்கள், பங்களா நிற்கிறது. இந்தத் தூளும் அடுக்கடுக்கான வீடுதான். சார்ஜ் ஏற்றினால் லித்தியம் வெளியே கிளம்பும், கரண்டை எடுக்க எடுக்க வீடு திரும்பும். எத்தனை தடவை போய்வந்தாலும் அடுக்கு சரியக் கூடாது, அதற்குத்தான் என் பெண்டாட்டி அங்கே பாடுபடுகிறாள் என்றேன். அடேயப்பா, என்ன கைதட்டல்! போதகர்கூடத் தட்டினார். எனக்குப் பெருமையில் தலைகால் புரியவில்லை.

பிறகு ஏலம் சூடுபிடித்தது. ஏலம் விடுகிற ஞானமுத்தே விடாமல் கேட்டார். அவர் கேட்கலாமா என்று சண்டை வேறு. கடைசியில் என் வீட்டுச் சீசாவை நானே ஏலத்தில் எடுத்துவந்தேன், இப்படி ஒரு கூத்து உண்டா! அதைக் கையில் கொடுக்கும்போது ஞானமுத்து, "வெளிய போனது திரும்பி வரலேன்னா வீடு என்னங்க ஆகும்?" என்று கேட்டார். விளையாட்டாகத்தான் கேட்டார். நான் சீசாவை வாங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன்.

வீட்டுக்கு வந்ததும் அந்தக் கவரைக் கிழித்துப் போட்டேன். இரண்டு வருஷமும் இருந்து முடித்துவிட்டு வா, கண்மணி. ஊரே கைதட்டிய சோலியை நான் பாதியில் நிறுத்தமாட்டேன். எஸ்தருக்கு இப்போது நானே சடை பின்னுகிறேன். கோணலாகத்தான் வருகிறது, அவளுக்குப் பழகிவிட்டது. சீசா வேதப்புத்தகத்துக்குப் பக்கத்தில் பத்திரமாக இருக்கிறது.

கர்த்தர் உன் கைகளின் வேலையை ஆசீர்வதிப்பாராக. ஞானமுத்துவுக்கு இன்னும் பதில் சொல்லவில்லை. நீயே நேரில் வந்து சொல்லிவிடு.

உன்
ஜெபதுரை